உரிமம் அக்கா பெயரில்; வரி எண் யார் பெயரில்?

கடந்த செமஸ்டர் விடுமுறையில் என் பெரியம்மா மகளின் மருந்தகத்தில் ஒரு மாதம் உதவிக்கு இருந்தேன். கெடாவில் ஒரு சிறு நகரம். நான் மருந்தியல் இரண்டாம் ஆண்டு மாணவன். மருந்துப் பெயர்களையும் நோயாளிகளிடம் பேசும் முறையையும் பழகிக்கொள்ளலாம் என்றுதான் போனேன். ஆனால், அங்கே கற்ற முதல் பாடம் மருந்தைப் பற்றியதல்ல. ஓர் எண்ணைப் பற்றியது.

கடை திறந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. ஒரு நாள் காலை மொத்த விற்பனையாளரிடமிருந்து அழைப்பு வந்தது. புதுக் கணக்கு திறக்க அக்கா கொடுத்த பாரத்தில் நிறுவனப் பெயரும் வரி எண்ணும் பொருந்தவில்லையாம். இ-இன்வாய்ஸ் அனுப்பினால் திரும்பி வந்துவிடுகிறதாம். சரியான எண் கிடைக்கும்வரை தவணைக்குச் சரக்கு அனுப்ப முடியாது என்று சொல்லிவிட்டார்கள்.

"லைசென்ஸ் என் பேர்லதானே இருக்கு? அப்புறம் என் வரி நம்பரைப் போட்டா என்ன தப்பு?" என்று அக்கா என்னைக் கேட்டார். எனக்கும் அது நியாயமான கேள்வியாகவே பட்டது.

அன்று மாலை, வழக்கமாக வரும் ஒரு தாத்தா நீரிழிவு மாத்திரை கேட்டு வந்தார். கையிருப்பு முடிந்திருந்தது. "நாளைக்கு வாங்க தாத்தா" என்று சொல்லி அனுப்பினோம். அந்த நாளை உடனே வரவில்லை. அவர் பக்கத்து நகரத்துக்குப் பேருந்தில் போய் வாங்கியதாகப் பிறகு தெரிந்தது. ஒரு பாரத்தில் ஒரு கட்டத்தைத் தவறாக நிரப்பியதற்கு எழுபது வயதுக்காரர் ஒருவர் பேருந்து ஏற வேண்டியதாயிற்று. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

எங்கே தவறு நடந்தது? மருந்தகத்தில் நச்சுப் பொருள் பட்டியலில் உள்ள மருந்துகளை விற்க, 1952ஆம் ஆண்டு நச்சுப் பொருள் சட்டத்தின்கீழ் 'ஏ' வகை உரிமம் வேண்டும். அது பதிவுபெற்ற மருந்தாளருக்கு, அவர் பெயரில் வழங்கப்படுகிறது. கடை ஒரு நிறுவனத்துக்குச் சொந்தமாக இருந்தாலும் உரிமத்தில் இருப்பது அந்த மனிதரின் பெயர். ஏனென்றால், நான்காண்டு படித்து, அதற்குப் பிறகு பயிற்சியும் முடித்தவர் மனிதர்தான். நிறுவனம் பல்கலைக்கழகத்துக்குப் போவதில்லை.

ஆனால் வாடகை ஒப்பந்தம், வங்கிக் கணக்கு, சரக்கு, விற்பனை எல்லாமே அக்கா பதிவுசெய்த சென்டிரியான் பெர்ஹாட் நிறுவனத்தின் பெயரில் இருக்கின்றன. 2016ஆம் ஆண்டு நிறுவனச் சட்டத்தின் 20ஆம் பிரிவு, நிறுவனம் அதன் உறுப்பினர்களிலிருந்து வேறான ஒரு சட்ட நபர் என்கிறது. அப்படியென்றால் வருமானம் ஈட்டுவது அந்த 'நபர்'. வரிக் கணக்கு காட்ட வேண்டியதும் அந்த 'நபர்'. எனவே, அதற்கென்று ஒரு தனி வரி எண் வேண்டும்.

அக்கா ஒருவர், அவருடைய நிறுவனம் இன்னொருவர். உரிமம் முதலாமவருடையது. வரி எண் இருவருக்கும் தனித்தனி. இதை எங்களுக்கு எந்த விரிவுரையிலும் யாரும் சொன்னதில்லை.

குழப்பத்துக்கு இன்னொரு காரணமும் உண்டு. நம் கையில் எண்கள் அதிகம். கடைப் பெயர்ப்பலகையிலும் ரசீதிலும் நீங்கள் பார்க்கும் 12 இலக்க எண், மலேசிய நிறுவன ஆணையமான எஸ்.எஸ்.எம். கொடுக்கும் பதிவு எண். அதன் முதல் நான்கு இலக்கங்கள் பதிவான ஆண்டு. அடுத்த இரண்டு இலக்கங்கள் எந்த வகை அமைப்பு என்று காட்டும். 01 என்றால் உள்நாட்டு நிறுவனம். 03 என்றால் சாதாரண வணிகப் பதிவு. 04 என்றால் வரையறுக்கப்பட்ட பொறுப்புப் பங்காண்மை. 06 என்றால் அதே பங்காண்மையைத் தொழில்முறைப் பணிக்காக அமைத்தவர்கள். அடுத்த முறை கடைக்குப் போகும்போது ரசீதைப் பாருங்கள், படித்துவிடலாம். ஆனால் இது வரி எண் அல்ல. வரி எண்ணைத் தருவது உள்நாட்டு வருமான வரி வாரியம்.

அந்த வரி எண்ணிலும் வகைகள் உண்டு. தனிநபரின் எண் 'ஐஜி' என்ற எழுத்துகளில் தொடங்கும். நிறுவனத்தின் எண் 'சி'யில் தொடங்கும். கூட்டு வணிகத்துக்கு 'டி'. வரையறுக்கப்பட்ட பொறுப்புப் பங்காண்மைக்கு 'பிடி'. தனியாளாக வணிகம் பதிவுசெய்து நடத்துபவருக்கு மட்டும் வேறு எண் இல்லை. அவருடைய சொந்த எண்ணிலேயே கணக்குக் காட்டுவார். அக்கா தனியாளாகக் கடை வைத்திருந்தால் பாரத்தில் அவர் போட்ட எண் சரியாகவே இருந்திருக்கும். எந்த அமைப்பைத் தேர்ந்தெடுக்கிறோமோ, அதற்கேற்ற எண்.

சிங்கப்பூரில் இந்தக் குழப்பம் குறைவு. அங்கே 2009 முதல் நடப்பில் இருக்கும் யூ.இ.என். என்ற ஒரே எண்ணை நிறுவனப் பதிவுக்கும் வரித் துறைக்கும் பயன்படுத்துகிறார்கள். நம் நாட்டில் இரண்டு எண்கள். இரண்டையும் அறிந்து வைத்திருப்பதுதான் இப்போதைக்கு நம் வழி.

முன்பு இதெல்லாம் ஆண்டுக்கு ஒரு முறை, வரிப் பாரம் நிரப்பும்போதுதான் நினைவுக்கு வரும். இப்போது அப்படியில்லை. 2024 ஆகஸ்டு 1 முதல் ஆண்டு விற்பனை 10 கோடி வெள்ளிக்கு மேல் உள்ள நிறுவனங்களுக்கு இ-இன்வாய்ஸ் கட்டாயமானது. பிறகு படிப்படியாக அதற்குக் குறைவான விற்பனை உள்ளவர்களும் சேர்க்கப்பட்டார்கள். நம் கடை சிறியதாக இருக்கலாம்; இ-இன்வாய்ஸ் கொடுக்கும் கட்டாயம் நமக்கு இல்லாமலும் இருக்கலாம். ஆனால் நமக்குச் சரக்கு தருபவர் பெரியவர். அவருக்கு நம் எண் வேண்டும். எண்ணும் பதிவு எண்ணும் பொருந்தவில்லை என்றால் கணினி ஏற்றுக்கொள்ளாது.

அக்கா கதைக்கு வருகிறேன். தெரிந்தவர் ஒருவர் மூலம் ஓர் ஏஜெண்டின் தொலைபேசி எண் கிடைத்தது. "600 வெள்ளி கொடுங்க, ஒரு வாரத்துல எடுத்துத் தரேன். உங்க ஐசி, மைடேக்ஸ் பாஸ்வர்ட் அனுப்புங்க" என்றார். அக்கா அனுப்பத் தயாராகவே இருந்தார். கடையில் காலை ஒன்பது மணி முதல் இரவு ஒன்பது மணி வரை நிற்பவருக்கு 600 வெள்ளி கொடுத்து ஒரு தலைவலியைத் தீர்ப்பது பெரிதாகத் தோன்றாது.

எனக்குத்தான் கடவுச்சொல் கேட்டது உறுத்தியது. "அக்கா, ஒரு நாள் பொறுங்க, நாமே பார்ப்போம்" என்றேன்.

அன்றிரவு கடையை அடைத்துவிட்டு, மைடேக்ஸ் தளத்தில் இ-டாஃப்தார் பகுதியைத் திறந்தோம். நிறுவனம் என்பதைத் தேர்ந்தெடுத்து, 12 இலக்கப் பதிவு எண்ணையும் முகவரியையும் தொடர்பு விவரங்களையும் கொடுத்து, நிறுவன ஆணையத்தின் பதிவு ஆவணங்களைப் பதிவேற்றினோம். ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை. கட்டணம் ஒரு காசும் இல்லை. சில நாளில் 'சி'யில் தொடங்கும் எண் வந்தது. அதன் பிறகு அக்கா தம் சொந்த எண்ணில் மைடேக்ஸில் நுழைந்து, இந்த நிறுவனத்தின் இயக்குநர் என்ற பொறுப்புக்கும் விண்ணப்பித்தார். நிறுவனத்தின் கணக்கைத் திறக்கும் சாவி இயக்குநரின் சொந்தக் கணக்கில்தான் இருக்கிறது. அந்தச் சாவியைத்தான் 600 வெள்ளியும் சேர்த்துக் கொடுக்க இருந்தோம்!

"இதற்குத்தானே நிறுவனச் செயலாளரும் வரி முகவரும் இருக்கிறார்கள்? மருந்தாளர் மருந்தைப் பார்க்கட்டும்" என்று நீங்கள் கேட்கலாம். என் வகுப்பு நண்பன் அப்படித்தான் கேட்டான். அவன் சொல்வதில் உண்மை இருக்கிறது. ஒவ்வொரு சென்டிரியான் பெர்ஹாட் நிறுவனமும் பதிவான 30 நாளுக்குள் செயலாளரை நியமித்தாக வேண்டும். வரி விவகாரங்களுக்கு உரிமம் பெற்ற வரி முகவர்கள் இருக்கிறார்கள். கடை வளர வளர அவர்களின் உதவி கட்டாயம் தேவைப்படும். அவர்களுக்குக் கொடுக்கும் கட்டணம் வீண் செலவல்ல.

ஆனால் உதவி கேட்பது வேறு. கண்ணை மூடிக்கொண்டு ஒப்படைப்பது வேறு. அக்காவின் நிறுவனச் செயலாளர் தம் வேலையைச் சரியாகவே செய்திருந்தார். வரி எண் எடுப்பது அவருடன் பேசிய வேலைகளில் இல்லை. அவர் எடுத்திருப்பார் என்று அக்கா நினைத்தார். அக்கா எடுத்திருப்பார் என்று அவர் நினைத்தார். எட்டு மாதம் ஓடிவிட்டது.

இதில் வெறும் சரக்கு மட்டும் தடைபடுவதில்லை. நிறுவனம் கணக்காண்டு முடிந்து ஏழு மாதத்துக்குள் 'சி' பாரத்தைச் சமர்ப்பிக்க வேண்டும். இலாபம் இல்லை, நட்டம்தான் என்றாலும் சமர்ப்பிக்க வேண்டும். தகுந்த காரணமின்றித் தவறினால் நீதிமன்றத்தில் 200 வெள்ளி முதல் 20,000 வெள்ளி வரை அபராதமோ ஆறு மாதம் வரை சிறையோ இரண்டுமோ விதிக்க வருமான வரிச் சட்டத்தில் இடமுண்டு. கணக்குகளை ஏழு ஆண்டு பாதுகாக்கவும் வேண்டும். எண்ணே இல்லாதவர் எந்தப் பாரத்தைச் சமர்ப்பிப்பார்?

இன்னொன்று, என் வயது நண்பர்கள் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டியது. நிறுவனம் என்றால் பொறுப்பு வரையறுக்கப்பட்டது, நம் சொந்தப் பணத்துக்கு ஆபத்தில்லை என்று பலர் நினைக்கிறோம். வரி விஷயத்தில் அது முழுக்கச் சரியல்ல. வருமான வரிச் சட்டத்தின் 75ஏ பிரிவின்படி, நிர்வாகத்தில் ஈடுபட்டு 20 விழுக்காடு அல்லது அதற்கு மேல் பங்கு வைத்திருக்கும் இயக்குநர், நிறுவனம் கட்டத் தவறிய வரிக்குத் தாமும் பொறுப்பாவார்.

இதை ஏன் சொல்கிறேன்? உரிமம் பெற்றவருக்குச் சந்தையில் மதிப்பு உண்டு. "பணம் நாங்கள் போடுகிறோம், உங்கள் உரிமத்தையும் பெயரையும் கொடுங்கள், உங்களை இயக்குநராகப் போடுகிறோம்" என்று பட்டம் வாங்கிய கையோடு யாராவது வந்து கேட்கலாம். மருந்தாளரிடம் மட்டுமல்ல, மற்ற துறையினரிடமும் கேட்கலாம். 'இயக்குநர்' என்று அட்டை அடித்துக்கொள்ள யாருக்குத்தான் ஆசை இருக்காது? தலையாட்டும் முன் இரண்டு கேள்விகள் கேளுங்கள். நிறுவனத்தின் வரி எண் என்ன? அதற்கு யாருடைய மின்னஞ்சலும் கைப்பேசி எண்ணும் பதிவாகியிருக்கின்றன? வரி வாரியத்தின் கடிதம் இன்னொருவருக்குப் போய்க்கொண்டிருந்தால், நாம் பெயருக்குத்தான் இயக்குநர். பொறுப்பு மட்டும் நிஜம்.

நம்மில் பலர் வீட்டின் எழுத்தர்களாகவே வளர்ந்தவர்கள். தமிழ்ப்பள்ளியில் படித்து, தேசிய இடைநிலைப்பள்ளிக்குப் போய், மலாயும் ஆங்கிலமும் கற்றதும் வீட்டுக் கடிதங்கள் எல்லாம் நம் கைக்கு வந்துவிடும். பாட்டியின் மருத்துவமனைக் கடிதம், அப்பாவின் சொக்சோ பாரம், தம்பியின் உதவித்தொகை விண்ணப்பம் எல்லாவற்றையும் படித்து, தமிழில் சொல்லி, நிரப்பிக் கொடுத்திருக்கிறோம். பன்னிரண்டு வயதிலேயே அதைச் செய்த நாம், 'வருமான வரி' என்ற சொல்லைக் கண்டதும் மட்டும் ஏன் பின்வாங்குகிறோம்? வரி என்றால் அபராதம், அதிகாரி, பயம் என்ற பேச்சையே கேட்டு வளர்ந்ததால் இருக்கலாம். அந்தப் பயத்துக்குத்தான் 600 வெள்ளி விலை.

எனவே, நான் கேட்பது சிறிய விஷயம். உரிமம் பெற்றுத் தொழில் செய்யப் போகும் மாணவர்களுக்கு, மருந்தியல், சட்டம், பல் மருத்துவம், கட்டடக்கலை எதுவாக இருந்தாலும், இறுதியாண்டில் இரண்டு மணி நேரம் ஒதுக்குங்கள். நிறுவன அமைப்புகள் என்னென்ன, எதற்கு எந்த எண், எங்கே பெறுவது, எப்போது எந்தப் பாரம் என்று சொல்லிக்கொடுங்கள். பல்கலைக்கழகம் செய்யும்வரை நம் இந்திய மாணவர் கழகங்கள் காத்திருக்க வேண்டியதில்லை. கணக்கியல் படிக்கும் அண்ணன்களும் அக்காள்களும் நம்மிடையே இருக்கிறார்கள். ஒரு சனிக்கிழமை காலை, ஒரு மடிக்கணினி, ஒரு திரை போதும். தீபாவளிக் கலைநிகழ்ச்சிக்கு மூன்று மாதம் ஒத்திகை பார்க்கும் நமக்கு இது பெரிய வேலையல்ல.

படிவம் நான்கிலும் ஐந்திலும் படிக்கும் தம்பி தங்கைகளும் இன்றே தொடங்கலாம். வீட்டில் யாராவது கடையோ கிளினிக்கோ பட்டறையோ நடத்தினால், அது எந்த வகைப் பதிவு, வரி எண் யார் பெயரில் இருக்கிறது என்று ஒரு தடவை கேளுங்கள். பதில் உடனே வந்தால் மகிழ்ச்சி. தயக்கத்தோடு வந்தால், பக்கத்தில் உட்கார்ந்து தேடிக் கொடுங்கள்.

அக்காவின் எண் வந்த பிறகு மொத்த விற்பனையாளர் கணக்கைத் திறந்தார். சரக்கும் வந்தது. நான் பல்கலைக்கழகத்துக்குத் திரும்புவதற்கு முதல்நாள் அந்தத் தாத்தாவும் வந்தார். "இப்போ மாத்திரை இருக்காப்பா?" என்று கேட்டார். இருந்தது. அக்கா எடுத்துக் கொடுத்து, எப்போது சாப்பிட வேண்டும் என்று பொறுமையாகச் சொன்னார். அதற்குத்தான் அவர் அத்தனை ஆண்டு படித்தார், உரிமமும் வாங்கினார். அந்த வேலை ஓர் எண்ணுக்காக இனி எந்தக் கடையிலும் நிற்க வேண்டாம்.