ஆசிரியையின் கூலி



முத்தாண்டிக்குப்பத்து முந்திரித் தோப்புகளைச் சூழ்ந்த இல்லங்களில், கணவர் நெய்வேலிச் சுரங்கத்திற்கு ஷிப்டு வேலைக்குச் செல்வதும், மனைவி தனியார் பள்ளியில் பாடம் நடத்துவதும் நமக்குப் புதிதன்று. இருவரும் உழைத்தே உண்கின்றனர். ஆயினும் அநியாயமாக வேலை பறிபோனால் இருவருக்கும் சட்டம் காட்டிய வழி ஒன்றாக இருந்ததில்லை.

சுரங்கத் தொழிலாளிக்கு 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுச் சட்டம் தீர்ப்பாயத்தின் கதவைத் திறந்து வைத்தது. ஆசிரியரோ அச்சட்டத்தின் பொருளில் 'தொழிலாளி' அல்லர் என உச்ச நீதிமன்றம் 1988இல் தீர்ப்பளித்தது. கோவாவில் 1975இல் பணி நீக்கம் செய்யப்பட்ட ஆசிரியை ஒருவரின் வழக்கு அது. அவர் பணியாற்றிய பள்ளியை நடத்தியவர்கள் நம் துறவற சகோதரிகளே. கல்வி புகட்டுதல் உயர்ந்த அறப்பணி, அது தொழிலாளியின் வேலையன்று என்பது நீதிமன்றத்தின் கருத்து. பதின்மூன்று ஆண்டுகள் காத்திருந்தவருக்குப் பெருமை கிடைத்தது. அவ்வழியில் நிவாரணம் கிடைக்கவில்லை.

ஆகவே ஆசிரியர்கள் கல்விச் சட்டங்களையே நம்ப வேண்டியவர்களாயினர். தமிழ்நாட்டில் 1973ஆம் ஆண்டின் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம், கல்வி அதிகாரியின் முன் அனுமதியின்றி ஆசிரியரை நீக்கலாகாது என்று தன் 22ஆம் பிரிவில் விதித்தது. அதனிடத்தில் 2018ஆம் ஆண்டின் சட்டம் வந்துள்ளது.

நீக்கம் செல்லாது எனத் தீர்ப்பு வந்தபின், இடைப்பட்ட காலத்துச் சம்பளம் என்னாகும்? மகாராஷ்டிர ஆசிரியை ஒருவர் 2007இல் நீக்கப்பட்டார். பள்ளித் தீர்ப்பாயம் 2009இல் அந்நீக்கத்தை ரத்துச் செய்து, முழு நிலுவைச் சம்பளமும் தரப் பணித்தது. நீக்கம் தவறே என்று ஏற்ற உயர் நீதிமன்றம், வேறு வருமானம் தமக்கு இல்லை என்பதை அவர் மெய்ப்பிக்கவில்லை எனக் கூறிச் சம்பளத்தை மறுத்தது. 2013 ஆகஸ்டு 12ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அதனை மாற்றி, முழுச் சம்பளத்தையும் வழங்க உத்தரவிட்டது.

அத்தீர்ப்பின் சாரத்தை நம் ஆசிரியர்கள் மனத்தில் இருத்த வேண்டும். நீக்கம் தவறாயின், பணித் தொடர்ச்சியோடும் நிலுவைச் சம்பளத்தோடும் மீண்டும் அமர்த்துவதே பொது விதி. பணிக்காலத்தின் நீளம், குற்றச்சாட்டின் தன்மை, நிர்வாகத்தின் பொருள்நிலை ஆகியவற்றை நீதிமன்றம் கருத்திற் கொள்ளும். வேறு ஊதியப் பணி தமக்கில்லை, அல்லது குறைந்த ஊதியமே பெற்றோம் என ஆசிரியர் தம் மனுவில் கூறுதல் வேண்டும். அதனை மறுக்கும் நிர்வாகமே சான்று காட்டக் கடமைப்பட்டது.

எனவே நியமன ஆணையையும் சம்பளச் சான்றுகளையும் பத்திரப்படுத்துங்கள். தேதியிடாத ராஜினாமாக் கடிதத்தில் ஒருபோதும் கையெழுத்திடாதீர்கள். நீக்க ஆணை கிடைத்தவுடன், மேல்முறையீட்டுக்கான கெடுவை வழக்கறிஞரிடம் கேட்டறியுங்கள். டியூஷனில் சிறிது சம்பாதித்திருப்பின் மறைக்காமல் சொல்லுங்கள்.

பள்ளி நடத்தும் நமக்கும் ஒரு சொல் உண்டு. அரசியலமைப்பின் 30ஆம் பிரிவு சிறுபான்மையினருக்குத் தரும் உரிமையை நாம் போற்றிக் காக்கிறோம், காக்கவும் வேண்டும். ஆனால் நிர்வகிக்கும் உரிமையில் சீர்கேடாக நிர்வகிக்கும் உரிமை அடங்காது என்பதை, கேரளக் கல்வி மசோதா பற்றிய கருத்துரையில் உச்ச நீதிமன்றம் 1958லேயே தெளிவாக்கியது. உழைப்பாளியின் நியாயமான கூலிக்காகத் திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் 1891இல் உலகுக்குச் சுற்றுமடல் விடுத்தார். அந்நீதி ஆலை முதலாளிக்கு மட்டும் உரியதன்று. தாளாளரின் மேசைக்கும் உரியது.

குற்றம் செய்த ஆசிரியரை விசாரித்துத் தண்டிக்கப் பள்ளிக்கு உரிமை உண்டு. குழந்தைகளின் நலம் கருதி அது சில வேளை கடமையும் ஆகும். விசாரணையின்றி நீக்குவதுதான் அநீதி. அவ்வாறு நீக்கப்பட்டவரின் வீட்டில் பிள்ளைகளின் உணவும் படிப்பும் குன்றும், கடன் ஏறும். பின்னர் மீண்டும் வேலை தந்து, கடந்ததை மறந்துவிடு என்பது கருணையாகத் தோன்றலாம். யாக்கோபு தம் திருமுகத்தின் 5ஆம் அதிகாரத்தில் கண்டித்ததோ, கொடாது பிடித்து வைத்த கூலியை. கொடுக்க வேண்டியதை முதலில் கொடுப்போம். கருணையைப் பற்றி அதன்பின் பேசுவோம்.