கோபக்காரர் துரோகியாவாரோ?



சென்ற மாதம் செலியமேட்டில் ஒரு வீட்டுத் திண்ணையில் அமர்ந்திருந்தேன். பேச்சு திருவிழாக் கணக்கைப் பற்றித் திரும்பிற்று. வரவுப் பணத்தில் ஒரு தொகை குறைகின்றதாம். கணக்கு வைத்திருந்தவரோ முன்கோபக்காரர். அவர் வாயால் சுடுசொல் கேளாதவர் ஊரில் வெகு சிலரே. "அவர்தாம் எடுத்திருப்பார் சாமி, அவர் குணம் தெரியாதா?" என்றார் ஒரு பெரியவர். எடுத்ததைக் கண்டவர் உண்டோ என வினவினேன். எவரும் இல்லை. அப்பொழுது, இதே பாகூர் நாட்டின் வழியே கடலூருக்குப் படை ஏவிய ஒரு சேனாதிபதியின் நினைவு எனக்கு எழுந்தது. அங்கே கூறியதை இங்கும் எழுதுகின்றேன்.

அவர் பெயர் தாமஸ் ஆர்தர் லாலி. 1702-ஆம் ஆண்டில் பிரான்சு நாட்டில் பிறந்தவர். தந்தை அயர்லாந்துக் கத்தோலிக்கர். தம் அரசருக்காக நாடு துறந்து, பிரெஞ்சுப் படையின் அயர்லாந்துப் பிரிவில் பணியாற்றியவர். மகனும் சிறு வயதிலேயே அப்பிரிவில் சேர்க்கப்பட்டார். 1745-இல் நிகழ்ந்த போன்தனுவாப் போரில் லாலி காட்டிய வீரத்தைக் கண்டு, மன்னர் பதினைந்தாம் லூயி போர்க்களத்திலேயே அவருக்குப் பதவி உயர்வு அளித்தார். வீரமும் நேர்மையும் அவரிடம் நிறைந்திருந்தன. பொறுமை ஒன்றுதான் இல்லை.

இத்தகையவரைத்தான் இந்தியாவிலுள்ள பிரெஞ்சுப் படைகள் அனைத்துக்கும் தலைவராக்கி அனுப்பினர். 1758 ஏப்ரல் 28-இல் புதுவையில் இறங்கினார். இறங்கிய அன்றே கடலூர் நோக்கிப் படையை ஏவினார். உணவு சேர்க்கவில்லை, பாரம் சுமக்க ஆள் திரட்டவில்லை. ஆள் போதாமையால் ஊர் மக்களைப் பிடித்து, குலவழக்கம் எதையும் பாராமல், சுமை தூக்கவும் வண்டி இழுக்கவும் வைத்தார். நம் முன்னோர் பட்ட அந்த அவமானத்தை எந்தப் போர் நூலும் விரித்துரைக்கவில்லை. ஆயினும் ஜூன் 2-இல் தேவனாம்பட்டினத்து ஆங்கிலேயர் கோட்டை அவர் வசமாயிற்று. வெற்றி அவருடைய குறையை மறைத்தது.

அடுத்து, தஞ்சை மன்னர் முன்னர் எழுதிக் கொடுத்திருந்த 56 லட்சம் ரூபாய்ப் பத்திரத்தைக் காட்டிப் பணம் பெறத் தெற்கே சென்றார். வழியில் கீழ்வேளூர்க் கோயிலில் புதையலைத் தேடினார். அங்கிருந்த அர்ச்சகர் அறுவரை ஒற்றர் என ஐயுற்று, பீரங்கி வாயில் வைத்துக் கொல்வித்தார். ஐயமே தீர்ப்பாயிற்று. வாசகர்கள் இதனை நினைவில் வைத்திருக்க வேண்டுகின்றேன்.

அதன்பின் தோல்விகள் தொடர்ந்தன. தஞ்சை பணியவில்லை. 1758 டிசம்பர் முதல் 1759 பெப்ருவரி வரை சென்னைக் கோட்டையை முற்றுகையிட்டும் பயனில்லை. படையினருக்குச் சம்பளம் இல்லை. கப்பற்படைத் தலைவர் தாஷே கடற்கரையை விட்டு அகன்றார். புதுவை ஆளுநர் லெயிரியும் கும்பினி அதிகாரிகளும் உதவாமல் இருந்தது ஒருபுறம். அவர்களையெல்லாம் கள்வரென்று முகத்துக்கு நேரே இவர் ஏசியது மறுபுறம். 1760 ஜனவரி 22-இல் வந்தவாசியில் அயர் கூட் அவரை முறியடித்தார். கூட் என்பவரும் அயர்லாந்தில் பிறந்தவரே என்பது வியப்பு.

பின்பு புதுவை முற்றுகை. உணவு குன்றவே, லாலி நகரத்துத் தமிழ் மக்கள் ஏறத்தாழ 1,400 பேரை வெளியே துரத்தினார். ஆங்கிலேயரோ அவர்களைக் கோட்டைப் பக்கமே திருப்பினர். இரு படைகளுக்கும் நடுவே, புல்லையும் வேரையும் தின்று, எட்டு நாட்கள் அவர்கள் அலைந்தனர். இறுதியில் கூட் மனமிரங்கி வழி விட்டார். 1761 ஜனவரி முதல் நாளில் வீசிய பெரும்புயல் ஆங்கிலக் கப்பல்களைச் சிதைத்தது. ஆயினும் முற்றுகை தளரவில்லை. ஜனவரி 16-இல் நகரம் வீழ்ந்தது. வெற்றியாளர் அதனை இடித்துத் தரைமட்டமாக்கினர். நம் சம்பாக் கோயிலும் அவ்வழிவுக்குத் தப்பவில்லை. லாலி வெளியேறியபோது, அவருடைய அதிகாரிகளே கூச்சலிட்டு அவமதித்தனர்.

கைதியாக இங்கிலாந்து கொண்டு செல்லப்பட்ட அவர், பிரான்சில் தம்மைத் துரோகி எனத் தூற்றுகின்றனர் என்று கேட்டு, அனுமதி பெற்றுத் தாமாகவே திரும்பி வந்தார். குற்றமுள்ள நெஞ்சினர் அவ்வாறு வருவரோ? 1762-இல் பஸ்தீல் சிறையில் அடைக்கப்பட்டார். இந்தியாவில் அவரால் ஏசப்பட்டவர்களெல்லாம் சாட்சிகளாயினர். நம்மவரும் இதில் குற்றமற்றவரல்லர். புதுவை இயேசு சபைத் தலைவராயிருந்த லவோர் சுவாமி பாரிசில் இறந்தபின், லாலியைப் புகழ்ந்து ஒன்றும் பழித்து ஒன்றுமாக இரு குறிப்புகள் அவர் பெட்டியில் இருந்தனவென்றும், பழித்ததே வழக்குக்கு உதவிற்றென்றும் வால்டேர் எழுதினார். குருவானவனாகிய எனக்கு இதனை எழுத நாணமாயிருக்கின்றது. எனினும் மறைத்தல் தகாது.

1766 மே 6-இல் பாரிஸ் உயர்மன்றம் மரண தண்டனை விதித்தது. மே 9-இல் வாயில் துணி அடைத்து அவரைக் கொலைக்களத்துக்குக் கொண்டு சென்று தலையைத் துணித்தனர். விசாரணையின்றி அறுவரைக் கொன்றவருக்கு, இறுதியில் வாய் திறக்கவும் வழியில்லை. அளக்கும் படியாலேயே நமக்கும் அளக்கப்படும் என ஆண்டவர் எச்சரித்தது வீணன்று.

கதை அத்துடன் முடியவில்லை. அவருடைய மகன் திரொபீம் தம் தந்தை யாரென்பதை அறிந்ததே தண்டனைக்கு முந்திய நாளில்தான். அவ்விளைஞர் தந்தையின் பெயரைத் துலக்கப் பல்லாண்டு உழைத்தார். திருச்சபையைக் கடுமையாய்த் தாக்கிய வால்டேரே அவருக்குத் துணை நின்றார். 1778-இல் அரச மன்றம் அத்தீர்ப்பைத் தள்ளிற்று. மரணப் படுக்கையில் அச்செய்தி கேட்டு வால்டேர் மகிழ்ந்தார். நீதிக்கு நாம் பேசாதபோது, பிறரைக் கொண்டு இறைவன் பேசுவார் போலும்.

லாலி குற்றமற்றவரல்லர். கீழ்வேளூரில் இறந்தவர்களுக்கும், கோட்டைக்கு வெளியே பசியால் துடித்தவர்களுக்கும் அவர் இறைவனிடம் கணக்குக் கொடுத்திருப்பார். ஆனால் நாட்டை விற்றவரல்லர். செய்த குற்றத்துக்கன்று, செய்யாத குற்றத்துக்கே தண்டிக்கப்பட்டார். எட்டாம் கட்டளை நீதிமன்றக் கூண்டுக்கு மட்டும் உரியதன்று, திண்ணைக்கும் உரியது.

செலியமேட்டில் நிகழ்ந்தது யாதெனில், மறு ஞாயிறு கணக்கரையும் உடனமர்த்தி ஏட்டை வரிவரியாகப் பார்த்தோம். பந்தலுக்குக் கொடுத்த முன்பணம் வேறோர் ஏட்டில் இருந்தது. குறைந்த தொகையில் பாதிக்கு விளக்கம் கிடைத்தது; மீதியைத் தேடுகின்றனர். பெரியவர் தாம் கூறியதற்கு வருத்தம் தெரிவித்தார். கணக்கரும் தம் சுடுசொற்களுக்காகக் கைகூப்பினார். அவர் ஊராரிடம் அவ்வாறு செய்ததை நான் கண்டது அதுவே முதன்முறை.

இம்மாதம் உங்கள் இல்லத்து இரவுச் செபத்தில், உங்களுக்குப் பிடிக்காத ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள். அவரைப்பற்றி நீங்கள் கண்டது எவ்வளவு, கேட்டது எவ்வளவு எனப் பிரித்துப் பாருங்கள். ஆண்டவர் உங்கள் குடும்பங்களை ஆசீர்வதிப்பாராக.