முதலில் மண்ணை அள்ளுங்கள்

வயலில் மண் கொட்டியதற்காக டிப்பரைப் பறிமுதல் செய்வது ஏழை டிரைவரின் வயிற்றில் அடிப்பது என்கிறார்கள். புளியரை எல்லை தாண்டிக் கேரளத்துக்கு ஓடும் இலஞ்சி, செங்கோட்டை வண்டிக்காரர்களின் கவலை எனக்கும் புரிகிறது. ஆனாலும் வாதம் தவறு. கேரளத்தின் 2008 நெல்வயல், சதுப்புநிலப் பாதுகாப்புச் சட்டம் வண்டியைப் பிடிப்பதோடு நிற்கவில்லை. வயலைப் பழைய நிலைக்குக் கொண்டுவரும் அதிகாரத்தையும் கலெக்டருக்குத் தருகிறது. அதைப் பற்றி ஏன் ஒருவரும் வாய் திறப்பதில்லை?

2002-ல் வந்த சுந்தர்பாய் தீர்ப்பைத் தூக்கிக் காட்டுகிறார்கள். ஸ்டேஷன் வாசலில் வண்டிகள் வீணாகக் கிடக்கக் கூடாது, தக்க பிணை வாங்கிக்கொண்டு விடலாம் என்றது உச்ச நீதிமன்றம். நியாயம்தான். குற்றத்தை மறந்துவிடச் சொல்லவில்லையே!

இலஞ்சியில் வந்து பாருங்கள். சிற்றாற்றுத் தண்ணீர் மடைக்கு மடை இறங்கிப் பாய்கிறது. நடுவில் ஒரு வயலைச் செம்மண் கொட்டி மேடாக்கினால் கீழ்வயல் காயும். மேல்வயலில் தண்ணீர் வடியாமல் நட்ட பயிர் அழுகும். தமிழ்நாட்டின் 2020 வேளாண் மண்டலச் சட்டமோ காவிரி டெல்டாவோடு நின்றுவிட்டது. வண்டியை மீட்க வக்கீல் இருக்கிறார். கொட்டிய மண்ணை அள்ளும் செலவை, கொட்டச் சொன்ன நிலக்காரரும் வண்டி முதலாளியும் கட்டட்டும். பிறகு சாவியைக் கேட்கட்டும்.