விதியா, சட்டமா?

வறுமை தலைவிதியின் பயனென்று உபதேசிக்கும் பெரியோரை ஒன்று கேட்கின்றேன். அமெரிக்கக் குழந்தைகளின் தலைவிதி 2021 ஜூலை முதல் டிசம்பர் வரை மட்டும் மாறியிருந்ததோ?

அம்மாதங்களில் அந்நாட்டுச் சர்க்கார், ஆறு வயதுக்குட்பட்ட குழந்தைக்கு மாதம் 300 டாலரும், மூத்த பிள்ளைக்கு 250 டாலரும் பெற்றோர் கையிற் சேர்ப்பித்தது. சம்பாத்தியமே இல்லாத வீட்டாரும் விலக்கப்பட்டாரில்லை. ஏனைய உதவிகளும் கூடவே, சர்க்கார் உதவியையும் வருவாயிற் சேர்த்தெண்ணும் ஜனக்கணித இலாகாவின் கணக்கில், 2020-இல் நூற்றுக்கு 9.7 ஆயிருந்த குழந்தை வறுமை 5.2 ஆக வீழ்ந்தது. கொடை நின்றது; 2022-இல் 12.4!

பேரேடு எழுதிப் பிழைக்கும் தோட்டத்துக் கிராணி யான். ஒரே வருஷத்தில் தொகை இரட்டிப்புக்கு மேலேறினால், பிழை எங்கேயென்று தேடுவது என் தொழில். பிழை வாஷிங்டன் செனட் சபையில் இருந்தது. வேலை செய்யாத பெற்றோருக்குக் கொடுத்தால் சோம்பல் வளருமென்று அங்கே தர்க்கம் பேசினர். மூன்று வயதுச் சிறுவன் எந்த ஆலையில் உழைத்துத் தன் பாலைச் சம்பாதிக்க வேண்டுமென்பதை மட்டும் அவர்கள் சொல்லவில்லை.

பொக்கிஷம் வற்றிற்றென்று சொல்லவும் வழியில்லை. உலகிற் பெருஞ்செல்வ நாடு அது. கொடுத்தால் பசி தணியுமென்பதைக் கண்ணாரக் கண்டது. கண்ட பின்னரே நிறுத்திற்று.