திருட்டு மென்பொருளும் நமது பட்டறைகளும்

கோவை, அம்பத்தூர் போன்ற ஊர்களின் சிறு பட்டறைகளில் இன்று இயந்திரப் படம் வரைவது கம்ப்யூட்டரில்தான். அதற்கான மென்பொருளின் வருஷச் சந்தாவோ சிறு முதலாளியின் கழுத்தைப் பிடிக்கின்றது. ஆகவே ‘கிராக்’ என்னும் பூட்டுடைத்த பிரதியை ஓட்டுவது தப்பில்லை என்ற எண்ணம் நம்மவரிடம் வேரூன்றிவிட்டது. விலை அதிகம் என்பதை நாம் மறுக்கவில்லை. ஆனால் அதற்கு இது பரிகாரமாகாது என்பதே நமது அபிப்பிராயம்.

பூட்டுடைத்துத் தருகிறவன் யார்? அவனுக்கென்ன லாபம்? சும்மா கொடுக்க அவன் நமக்கு மாமனா, மச்சானா? இதை யாராவது கேட்டதுண்டா? “ஆன்டிவைரசை நிறுத்திவிட்டு ஓட்டு” என்பதே பெரும்பாலும் அவன் சொல்லும் முதல் வார்த்தை. காவற்காரனை அனுப்பிவிட்டுக் கதவைத் திற என்பவனைப் புத்தியுள்ள எவனாவது வீட்டுக்குள் விடுவானா? அப்படி நுழைந்த வைரஸ், பத்து வருஷத்துப் படங்களையும் பூட்டிவைத்துக்கொண்டு பணம் கேட்கக்கூடும். கம்பெனியார் பிழைதிருத்தி அனுப்பும் புதுப்பித்தலும் ஒழுங்காய் வராது. உத்திரத்தின் பலத்தைக் கணக்கிடும் மென்பொருளில் எவன் எங்கே கை வைத்தான் என்றறியாமல் அதன் விடையை நம்பலாமா? உத்திரம் சரிந்தால் அடியில் நிற்பவன் கூலிக்காரனல்லவா?

சட்டமோ இன்னும் கடுமை. 1957-ஆம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவுப்படி, திருட்டுப் பிரதியென்று தெரிந்தே உபயோகிப்பவருக்கு 7 நாள் முதல் 3 வருஷம் வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதமும் உண்டு. லாபத்துக்காக உபயோகிக்காதவருக்கே கோர்ட்டார் சிறையைத் தள்ளிவிடலாம். பட்டறைக்காரர் அப்படிச் சொல்லித் தப்ப முடியுமா?

அப்படியானால் ஏழைத் தொழிலாளி என்ன செய்வது என்று கேட்கலாம். வழியிருக்கிறது. 2002-இல் வெளிவரத் தொடங்கிய ‘ஃப்ரீகேட்’ 2024-இல் 1.0 என்ற நிலையை எட்டியிருக்கிறது. தட்டைப் படத்துக்கு ‘லிப்ரேகேட்’, மின்சுற்றுக்கு 1992-இல் பிரான்சில் பிறந்த ‘கிகேட்’ உண்டு. இவற்றுக்குக் காசில்லை, தொழிலுக்கும் தாராளமாய் உபயோகிக்கலாம். மாணவர்களுக்குப் பல கம்பெனிகள் இலவச உரிமம் தருகின்றன. ஆனால் அதைக்கொண்டு கூலிவேலை செய்யக்கூடாது. பம்பாய் ஐ.ஐ.டி.யின் ‘ஃபாஸ்ஸீ’ திட்டம் இத்தகைய சுதந்திர மென்பொருள்களைப் பரப்பி வருகிறது.

புதிதைப் பழகச் சிரமமுண்டு. பழைய படங்கள் சில சரியாய்த் திறக்காமலும் போகலாம். ஆகவே ஒரேயடியாய் மாறவேண்டாம். அடுத்து வரும் சின்ன வேலை ஒன்றையாவது இதில் செய்து பாருங்கள். திருட்டுப் பொருளோடு பயந்து பிழைப்பதைவிட, கற்றுக்கொண்டு நிமிர்ந்து பிழைப்பதே மேலாகும்.