மரண சாசனமும் மகளிர் பங்கும்

வீரகேரளம்புதூரிலே ஊற்றுமலை ஜமீன்தார்கள் அரண்மனை அமைத்து வாழ்ந்தனர். காவடிச்சிந்து பாடிய அண்ணாமலை ரெட்டியாரை ஆதரித்த இருதயாலய மருதப்ப தேவரின் ஊர் என்றால் நம் நேயர்கள் எளிதில் அறிவர். பாகம் பிரிக்கலாகாத அத்தகைய ஜமீன்களிலே பட்டம் ஒருவருக்கே உரியது. இளையோர்க்கு ஜீவனாம்சம், பெண்மக்களுக்குச் சீர்வரிசை. பட்டத்துக்குரியவர் ஜமீனைத் தம் விருப்பப்படி எழுதிவைக்கலாமோ என்னும் கேள்வி பித்தாபுரம் வழக்கிலே பிரிவி கௌன்சில் வரை சென்றது. எழுதலாம் என்று 1899இல் தீர்ப்பாயிற்று. 1904இல் சென்னை அரசாங்கத்தார் ஒரு சட்டமியற்றி அவ்வதிகாரத்துக்கு அணையிட்டனர். 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஜமீன்களே ஒழிந்தன. ஆயினும் அக்கேள்வி ஒழியவில்லை. இன்று இரண்டு மரக்கால் விதைப்பாடு உடையவன் வீட்டுத் திண்ணையில் வந்து அமர்ந்திருக்கின்றது.

உயில் என்பது ஆங்கிலச் சொல்லின் திரிபு. மிதாக்ஷர நெறியில் பூர்வீகச் சொத்து பிறப்பினாலேயே ஆண்மக்களைச் சேர்ந்தது. அதனை எழுதிவைக்கத் தந்தைக்கு உரிமை இல்லை. சுயார்ஜிதத்தை மட்டுமே எழுதலாம். அதற்கும் நம் நாட்டுப்புறத்து இந்துக்களுக்கு 1927 வரை ஏடும் எழுத்தும் கட்டாயமல்ல; இறப்பவர் வாய்ச்சொல்லே உயிலாகச் செல்லும். எத்தனை பொய்ச்சாட்சிகள் அதனால் பிழைத்தனரோ!

மகளிர்க்குப் பங்கு மெல்ல மெல்லவே வந்தது. 1956ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டம் தந்தையின் தனிச்சொத்தில் மகளுக்கும் மகனுக்கும் சமபங்கு அளித்தது. 1989இல் தமிழ்நாடும், 2005இல் இந்தியா முழுமையும் பூர்வீகச் சொத்தில் அவளுக்குப் பிறப்புரிமை வழங்கின. கிறிஸ்தவர்களுக்கோ நம் மாவட்டத்தில் 1865ஆம் ஆண்டுச் சட்டமே சமபங்கு கூறிற்று. இவற்றையெல்லாம் மேடையில் புகழ்ந்து பேசுகின்றோம். ஆனால் அச்சமபங்கு தந்தை உயில் எழுதாது இறந்தால் மட்டுமே. 1956ஆம் ஆண்டுச் சட்டமே பூர்வீகத்தில் தம் பங்கையும் உயிலால் கொடுக்கத் தந்தைக்கு முதன்முறை இடமளித்தது. ஒரு கையால் மகளுக்குக் கொடுத்ததை மறு கையால் எடுத்துக்கொள்ள வழி வைத்தாயிற்று. உயிலால் பறிக்கவியலாத அவளது பிறப்புரிமைப் பங்குக்கு விடுதலைப் பத்திரம் இருக்கின்றது; அண்ணன்மார் நீட்டிய இடத்தில் அவள் கையொப்பமிடுகின்றாள். பிறந்தகத்து வாசல் அடைபடுமே என்னும் அச்சம் அவளுக்கு.

உயிலே வேண்டாமென்பது நம் கருத்தன்று. படுக்கையில் கிடந்த தாயைப் பேணிய மகளுக்கோ, உடற்குறையுடைய பிள்ளைக்கோ கூடுதலாக வைக்க உயிலின்றி வேறு வழி எளிதன்று. இஸ்லாமிய முறையில் மூன்றிலொரு பங்குக்கு மேல் உயிலால் கொடுப்பது மற்ற வாரிசுகளின் சம்மதமின்றிச் செல்லாது. அதுபோன்றதோர் எல்லை ஏனையோர்க்கும் வேண்டுமென்பதே நம் துணிபு. தம் உழைப்பின் பயனைத் தம் விருப்பப்படி கொடுக்கலாகாதா என்று வினவுவோர் உளர். அவ்வுழைப்பில் மகளின் உழைப்பும், அவள் பாதியில் விட்ட படிப்பும் கலந்திருப்பதை அவர்கள் கணக்கில் கொள்வதில்லை.

உயிலுக்கு முத்திரைத்தாள் வேண்டா, பதிவும் கட்டாயமல்ல, இரு சாட்சிகள் போதும். ஆதலின் அது பெட்டிக்குள்ளேயே கிடந்து, பதினாறாம் நாள் கிரியை கழிந்தபின் வெளிப்படுகின்றது. அன்று மகள் கேட்க விரும்பும் கேள்விக்கு விடை கூற வேண்டியவர் இல்லை. உயில் எழுதும் தந்தையர் உயிருடனிருக்கும்போதே மக்கள் அனைவரையும் அழைத்து அதனைப் படித்துக்காட்டுவாராக. வரும் விடுமுறையில் ஊர் செல்லும் நம் மாணவர்கள் இதுபற்றி வீட்டில் பேச்செடுக்கலாம். புதல்வியரைவிடப் புதல்வர்கள் எடுப்பது நன்று.