குர்லாவில் ‘நேட்டிவ்’ என்றால் எந்த ஊர்?

மும்பை குர்லாவில் இரண்டு தமிழர்கள் அறிமுகமாகிக்கொள்ளும்போது பெயரையும் வேலையையும் அடுத்து வரும் கேள்வி பெரும்பாலும் ஒன்றே: “உங்களுக்கு நேட்டிவ் எது?” நேரு நகரில் பிறந்து, அங்கேயே படித்து, அங்கேயே குடும்பம் நடத்துகிறவரும் தயங்காமல் “திருநெல்வேலிப் பக்கம்” என்று விடையளிப்பார். திருநெல்வேலியில் அவர் ஒரு மாதம்கூடத் தொடர்ந்து தங்கியிராதவராக இருக்கலாம். அவருடைய தந்தையே குர்லாவில் பிறந்தவராக இருக்கலாம். விடை மாறுவதில்லை. பிறப்பைக் குறிக்கும் இலத்தீன் வேரிலிருந்து வந்த ஓர் ஆங்கிலப் பெயரடை, இந்திய ஆங்கிலத்தின் ‘நேட்டிவ் பிளேஸ்’ வழியாகக் குர்லாத் தமிழில் பெயர்ச்சொல்லாகி, பேசுகிறவர் பிறக்காத, வாழாத ஓர் ஊரைச் சுட்டுகிறது. பக்கத்து வீட்டு உத்தரப் பிரதேசக்காரரின் ‘முலுக்’, கொங்கணத்துக்காரரின் ‘காவ்’ ஆகியவையும் ஏறத்தாழ இதே வேலையைத்தான் செய்கின்றன.

இதே சொல் குரூஸ் கப்பல்களின் சுற்றுலாப் பட்டியல்களில் நேர் எதிரான உறுதியோடு வருகிறது. கப்பல் காலையில் துறையைத் தொடும், மாலையில் புறப்பட்டுவிடும். இடைப்பட்ட சில மணி நேரத்தில் பயணிகளை இறக்கி, பேருந்தில் ஏற்றி, ஊரைக் காட்டித் திரும்பக் கொண்டுவந்து சேர்ப்பதே கரைச்சுற்றுலா. ஆஸ்திரேலியத் துறைமுகங்களில் அதன் நிலையான சரக்குகளுள் ஒன்று ‘நேட்டிவ் வைல்ட்லைஃப் பார்க்’. ஹோபர்ட்டுக்குப் போனால் போனரோங். பிரிஸ்பேனுக்குப் போனால் 1927இல் தொடங்கப்பட்ட லோன் பைன் கோலாக் காப்பகம். அடிபட்ட விலங்குகளை எடுத்து வளர்ப்பது போன்ற நல்ல பணிகள் இத்தகைய இடங்களில் நடக்கின்றன. அவற்றைக் குறைத்துப் பேச வேண்டியதில்லை. உறுத்துவது அந்த அடைமொழி. அதே நாட்டின் அரசமைப்புச் சட்டத்தில் 127ஆம் பிரிவு என்று ஒன்று இருந்தது. மக்கள்தொகையைக் கணக்கிடும்போது தொல்குடி ‘நேட்டிவ்’களைச் சேர்த்து எண்ணக் கூடாது என்றது அது. 1967இல் நடந்த பொது வாக்கெடுப்புக்குப் பிறகே அது நீங்கியது. ஒரே சொல் விலங்கின் முன் நின்றால் பெருமை, மனிதரின் முன் நின்றால் கணக்கிலிருந்து கழிவு.

தமிழில் இதற்கு ஈடாக நிற்பது ‘நாட்டு’. நாட்டுக்கோழி, நாட்டு மாடு, நாட்டுச் சர்க்கரை, நாட்டு மருந்து. இவற்றுள் எதுவும் தொடக்கத்தில் இந்த அடைமொழியோடு பிறக்கவில்லை. பிராய்லர் வரும்வரை கோழி வெறும் கோழிதான். சீமைக்கருவேலம் கண்மாய்களை அடைத்த பிறகே கருவேலம் ‘நாட்டுக்கருவேலம்’ ஆயிற்று. குர்லாச் சந்தையில் மராத்தியர் ‘காவ்ட்டி’ என்று கேட்டு வாங்கும் கோழிக்கும் இதே வரலாறு. புதிது வந்து சேர்ந்த பின் பழையதற்கு ஒட்டப்படும் பெயர் இது. ஆகவே நாட்டுத்தன்மை என்பது பொருளின் இயல்பாக இல்லாமல், வந்து சேர்ந்ததோடு அப்பொருள் கொள்ளும் உறவாக இருக்கிறது. பம்பாய்க் கோட்டைக்கு வெளியே இருந்த குடியிருப்புகளை ஆங்கிலேயர் ‘நேட்டிவ் டவுன்’ என்று குறித்ததும் இவ்வகையே. அங்கே வாழ்ந்தவர் எவரும் தம் தெருவை அப்படி அழைத்திருக்க வாய்ப்பில்லை.

இன்று அந்தப் பழைய கோட்டைப் பகுதியை ஒட்டிய துறைமுகத்தில்தான் 2025 செப்டம்பரில் மும்பை பன்னாட்டுப் பயணக்கப்பல் முனையம் திறக்கப்பட்டது. இங்கே இறங்குகிறவருக்குக் காட்டுயிர் காண வேண்டுமென்றால் முதலில் சொல்லப்படுவது போரிவலியின் சஞ்சய் காந்தி தேசியப் பூங்கா. ஏறத்தாழ 104 சதுர கிலோமீட்டர் காடு. சுமார் 50 சிறுத்தைகள். நடுவே கான்ஹேரிக் குகைகள். குகைகளைப் பற்றி இடையில் ஒன்று சொல்லியாக வேண்டும். அங்குள்ள பிராமிக் கல்வெட்டுகளுக்கு அப்பால், கி.பி. 1009, 1021 ஆகிய ஆண்டுகளைச் சேர்ந்த பகலவிக் கல்வெட்டுகளும் உள்ளன. பார்க்க வந்த சொராஷ்ட்ரிய சமயத்தார் தங்கள் பெயர்களைப் பொறித்துவிட்டுப் போயிருக்கிறார்கள். வந்தவர் பெயர் கல்லில் நின்றுவிட்டது.

அங்கேயே இருந்தவர்களின் பெயர்தான் நிற்கவில்லை. பூங்காவுக்குள்ளும் ஆரே காலனியிலும் வார்லி ஆதிவாசிகளின் சிற்றூர்களான ‘பாடா’க்கள் இருக்கின்றன. சிறுத்தையையும் புலியையும் வாகோபா என்னும் தெய்வமாக வணங்கி, சிறு கோயில் எடுத்து, அவற்றோடு ஒரே நிலத்தைப் பகிர்ந்து வாழ்ந்தவர்கள் அவர்கள். 1997இல் பூங்காவிலிருந்து ஆக்கிரமிப்பாளரை அகற்றும்படி பம்பாய் உயர் நீதிமன்றம் ஆணையிட்டபின், குடிசைவாசிகளோடு பாடாக்களும் அந்தச் சுழலுக்குள் இழுக்கப்பட்டன. 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் ஓரளவு இதைத் திருத்த முயன்றது. அந்தச் சட்டத்தின் சொற்களை மொழி மாணவர்கள் ஒருமுறையேனும் படித்துப் பார்க்க வேண்டும். பழங்குடியல்லாத மரபுவழி வனவாசி என்று ஒருவர் நிறுவ வேண்டுமானால் 2005 டிசம்பர் 13க்கு முன் மூன்று தலைமுறை அங்கே வாழ்ந்திருக்க வேண்டும். ஒரு தலைமுறை என்பது 25 ஆண்டு. உறவுமுறைச் சொல் ஒன்று அங்கே வகுத்தல் கணக்காகிறது.

பூங்காவுக்குள் இருக்கும் விகார் ஏரி 1860இல் கட்டி முடிக்கப்பட்டது. அதன் உபரிநீரும் பவாய் ஏரியின் உபரிநீரும் சேர்ந்து மித்தி ஆறாகிறது. ஆரே, சாக்கிநாக்கா வழியாக வந்து குர்லாவைத் தொட்டு, பாந்த்ரா-குர்லா வளாகத்தைச் சுற்றி, தாராவியின் ஓரமாக மாஹிம் கழிமுகத்தில் கலக்கிறது. ஏறத்தாழ 18 கிலோமீட்டர். 2005 ஜூலை 26 அன்று சாந்தாகுரூஸில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் மழை பதிவானபோது, இது சாக்கடை என்று எண்ணியிருந்த குர்லாவாசிகள் பலரும் அது ஓர் ஆறு என்பதை வீட்டுக்குள் கண்டார்கள்.

அந்த ஆறு கடலை நெருங்கும் இடத்தில் மும்பையின் இன்னொரு காடு இருக்கிறது. மாஹிம் இயற்கைப் பூங்கா என்று மக்கள் அழைக்கும் மகாராஷ்டிரா இயற்கைப் பூங்கா, சுமார் 37 ஏக்கர். 1970களின் பிற்பகுதிவரை நகரத்தின் குப்பை அங்கே கொட்டப்பட்டது. குப்பைமேட்டின்மீது மண் பரப்பி மரம் வளர்க்கும் திட்டம் உருவாகி, 1983இல் பறவையியலாளர் சாலிம் அலி முதல் கன்றை நட்டார். 1994 ஏப்ரல் 22 அன்று பூங்கா திறக்கப்பட்டது. இன்று நூற்றுக்கும் மேற்பட்ட பறவை வகைகள் அங்கே பதிவாகியிருக்கின்றன. எதிரே தாராவி. அங்கு தோல் பதனிடும் தொழிலுக்காகத் திருநெல்வேலிப் பகுதியிலிருந்து வந்தவர்களின் வாரிசுகள் இன்றும் தமிழ் பேசி வாழ்கிறார்கள்.

மும்பையில் இறங்கும் கப்பல் பயணிகள் தாராவிக்கும் அழைத்து வரப்படுகிறார்கள். அழைத்து வருவது மனிதரைக் காட்டுவதற்காக. மறுசுழற்சிக் கூடங்கள், மண்பாண்டச் சூளைகள், குறுகிய சந்துகள். ஒளிப்படம் எடுப்பதைத் தடுத்து, இலாபத்தைப் பகுதி மக்களின் கல்விக்குத் திருப்பும் நிறுவனங்களும் இத்தொழிலில் உண்டு. எல்லாவற்றையும் ஒரே தட்டில் வைப்பது நேர்மையாகாது. ஆயினும் ஏற்பாட்டின் அமைப்பைக் கவனிக்கலாம். போரிவலியில் காட்டைப் பார்க்கிறவர் கண்ணில் வார்லி படுவதில்லை. தாராவியில் மனிதரைப் பார்க்கிறவர் கண்ணில், சாலைக்கு அப்பால் நிற்கும் காடு படுவதில்லை. காடு என்றால் மனிதர் இல்லாத இடம், சேரி என்றால் மரம் இல்லாத இடம் என்னும் முன்முடிவு பேருந்து புறப்படும் முன்பே பட்டியலில் அச்சாகிவிடுகிறது. குப்பைமேட்டை 17 ஆண்டுகளில் காடாக்கிய ஊர் என்று தாராவியை அறிமுகப்படுத்த ஒரு வரி போதும்.

நகரத்தின் மூன்றாவது காட்சி பைகுல்லாவில். 1862இல் விக்டோரியா தோட்டமாகத் திறக்கப்பட்டு, மக்கள் வழக்கில் ராணி பாக் ஆன உயிரியல் பூங்கா. 2016இல் சியோலிலிருந்து எட்டு ஹம்போல்ட் பென்குயின்கள் அங்கே கொண்டுவரப்பட்டன. பெரு, சிலி நாடுகளின் கடற்கரைப் பறவை. மும்பை வெக்கையில் குளிரூட்டிய அறைக்குள் வாழ்கிறது. 2025 ஜூனில், அங்கே பிறந்த குஞ்சுகளுக்கு ஆங்கிலப் பெயர் கூடாது, மண்ணில் பிறந்தவை என்பதால் மராத்திப் பெயரே வேண்டும் என்று பாரதிய ஜனதா கட்சியினர் பூங்காவில் போராட்டம் நடத்தினார்கள். சிரித்துவிட்டுக் கடந்துவிடலாம்தான். ஆனால் அக்கோரிக்கையின் தருக்கம் தாராளமானது: பெற்றோர் எங்கிருந்து வந்தாலும் பிறந்த மண்ணே குஞ்சின் மண். 1966இல் சிவசேனை தொடங்கப்பட்ட காலத்தில் ‘பூமிபுத்திரர்’ என்னும் சொல் தென்னிந்தியருக்கு எதிராக வீசப்பட்டபோது, தாராவியிலும் மாட்டுங்காவிலும் பிறந்த தமிழ்க் குழந்தைகளுக்கு இந்தத் தாராளம் கிடைக்கவில்லை.

தாராவியில் இன்று அந்தச் சொல்லின் இடத்தை ஒரு தேதி பிடித்திருக்கிறது. 2000 ஜனவரி 1. அதற்கு முன்பே தரைத்தளத்தில் குடியிருந்ததாகச் சான்று காட்டுவோருக்கு மறுசீரமைப்புத் திட்டத்தில் தாராவிக்குள்ளேயே 350 சதுர அடி வீடு. மற்றவர்களுக்கு வெளியே எங்கோ. ‘பாத்ர’, ‘அபாத்ர’ என்னும் இரண்டு சொற்கள் குடும்பங்களுக்கு நடுவே சுவர் எழுப்புகின்றன. மாடியில் குடியிருக்கும் தம்பி ‘அபாத்ர’; கீழே இருக்கும் அண்ணன் ‘பாத்ர’. இயற்கைப் பூங்காவின் நிலமும் இத்திட்டத்துக்குள் போய்விடுமோ என்ற அச்சம் வழக்காகி, பூங்கா திட்டத்தில் சேராது என்று 2023இல் உயர் நீதிமன்றத்தில் அரசுத் தரப்பு தெரிவித்தது.

அடுத்த ஆண்டே கதை குர்லாவுக்கு வந்தது. நேரு நகரின் மதர் டெய்ரி நிலத்தில் சுமார் 21 ஏக்கரை 2024 ஜூனில் மாநில அரசு தாராவி மறுசீரமைப்புக்கு ஒதுக்கியது. நூற்றுக்கணக்கான மரங்கள் நிற்கும் அந்த இடம் பொதுப் பூங்காவாக வேண்டும் என்று குர்லாவாசிகள் தெருவில் இறங்கினார்கள். கோரிக்கை முற்றிலும் நியாயமானது. மித்தி வெள்ளத்தில் மூழ்கிய பகுதிக்கு மண்ணும் மரமும் உள்ள 21 ஏக்கர் என்பது அலங்காரமன்று. ஆனால் அதன் மறுபக்கத்தில் நிறுத்தப்பட்டிருப்பவர் ‘அபாத்ர’ என்று முத்திரை பெற்ற தாராவிக்காரர். அவரும் குர்லாவாசியைப் போலவே நேட்டிவ் எது என்று கேட்டால் திருநெல்வேலி என்றோ சோலாப்பூர் என்றோ சொல்லக்கூடியவர். மரமா மனிதரா என்று இவ்விருவரையும் எதிரெதிரே நிறுத்தியவர்கள் இருவரும் அல்லர். தாராவிக்காரருக்குத் தாராவிக்குள்ளேயே வீடு என்று முடிவானால் குர்லாவின் மரங்களுக்குக் கோடாலி தேவைப்படாது. குர்லாவின் பூங்காக் கோரிக்கை 2000 ஜனவரி 1 என்னும் அந்தத் தேதியையும் சேர்த்து எதிர்க்க வேண்டும். அதைத் தொடாமல் மரங்களை மட்டும் பேசினால், வார்லியை விலக்கிச் சிறுத்தையைக் காட்டும் அதே பட்டியலில் குர்லாவும் ஓர் இடம் பெற்றுவிடும்.

பறவைகளிடம் எவரும் தேதி கேட்பதில்லை. ஆண்டுதோறும் கட்ச் பகுதியிலிருந்தும் பிற இடங்களிலிருந்தும் வரும் பூநாரைகளுக்காக 2015இல் தானே கழிமுகத்தில் சரணாலயம் அறிவிக்கப்பட்டது. 2024 மே மாதத்தில் குர்லாவை அடுத்த காட்கோபரில் விமானம் மோதி ஏறக்குறைய 40 பூநாரைகள் இறந்து விழுந்தபோது நகரமே வருந்தியது. அவை எந்த ஊர்ப் பறவைகள் என்ற விசாரணை எழவில்லை. எழாதது நல்லது.

கோடை விடுமுறை தொடங்கியதும் குர்லாவின் லோக்மான்ய திலக் டெர்மினஸில் தெற்கு நோக்கிச் செல்லும் வண்டிகளுக்குத் தமிழ்க் குடும்பங்கள் மூட்டை முடிச்சுகளோடு காத்திருக்கின்றன. எங்கே போகிறீர்கள் என்று கேட்டால் பிள்ளைகள் “நேட்டிவ்” என்கிறார்கள். அங்கே போய் இறங்கியதும் தெருப்பிள்ளைகள் கூடிவந்து பார்த்து, வீட்டுக்குள் ஓடிச் சொல்கிறார்கள்: “பம்பாய்க்காரங்க வந்திருக்காங்க.”